கரிநாளுக்குக் கிரில் சிக்கன்

கிரில் சிக்கன் என்றதும் நம் ஊரில் எல்லோருக்கும் நினைவுக்கு வருவது பரோட்டா கடை வாசலில் நிற்கும் அந்தக் கண்ணாடிப் பெட்டிதான். கம்பியில் கோர்த்த கோழிகள் உள்ளே சுற்றிக்கொண்டே இருக்கும், கீழே கொழுப்பு சொட்டும், பஸ்ஸுக்கு ஓடுகிறவர்கூட ஒரு நொடி நின்று பார்த்துவிட்டுத்தான் ஓடுவார். அதை நான் குறை சொல்ல மாட்டேன். நின்ற இடத்திலேயே சூடாக வாங்கிச் சாப்பிட்டால் நன்றாகவே இருக்கும். ஆனால் மாட்டுப்பொங்கலுக்கு மறுநாள், கரிநாளன்று, சொந்தபந்தம் மொத்தமும் வீட்டில் கூடியிருக்கும்போது அதைப் பார்சல் வாங்கி வந்து பிரித்து வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. அலுமினியத் தாளுக்குள் போன கோழி, வீடு வந்து சேர்வதற்குள் தன் ஆவியிலேயே வெந்து தோல் தொளதொளத்துவிடும்.

அதனால் எங்கள் வீட்டில் கரிநாள் சாயங்காலம் மொட்டை மாடியில் கரி அடுப்பு. பொறுப்பு என்னுடையது. "நீங்க என்ன மசாலா போடுறீங்க?" என்று கேட்காத உறவினர் இல்லை. என் கணக்கில் மசாலாவுக்கு மூன்றாவது இடம்தான். முதல் இடம் உப்புக்கு, இரண்டாவது நெருப்புக்கு. இதை மதினியின் காதுபடச் சொல்ல முடியாது. அவர் அரைக்கிற மசாலாவுக்குத் தெருவிலேயே ஒரு பெயர் உண்டு. இங்கே எழுதலாம், அவர் இதையெல்லாம் படிப்பதில்லை.

முதலில் கறிக்கடை. கரிநாள் காலையில் அந்தப் பக்கமே போகாதீர்கள். கூட்டம் தெருமுனை வரை நிற்கும், வெட்டுகிறவரும் பிரியாணித் துண்டு போடுகிற வேகத்திலேயே உங்கள் கோழியையும் போட்டுத் தள்ளிவிடுவார். எப்படியும் ஒரு ராத்திரி ஊற வேண்டும் என்பதால் முந்தின நாளே சொல்லிவைத்து வாங்கிவிடுவது நல்லது. நான் கேட்பது முழு லெக், அதாவது தொடையும் காலும் பிரிக்காத துண்டு, தோலோடு. "தோலோடவா?" என்று கடைக்காரர் ஒருமுறை ஏற இறங்கப் பார்ப்பார். ஆமாம், தோலோடுதான். நெருப்புக்கும் கறிக்கும் நடுவில் நிற்கிற ஒரே தடுப்பு அதுதான், அதில் இருக்கிற கொழுப்பு உருகிக் கறியை நனைத்துக்கொண்டே இருக்கும்.

நெஞ்சுக்கறி வேண்டாம் என்பதற்கும் காரணம் உண்டு. அதில் கொழுப்பும் இல்லை, சவ்வும் இல்லை. சரியான பதத்தைத் தாண்டி ஐந்து நிமிடம் கூடுதலாக நெருப்பில் இருந்தாலும் பஞ்சுதான். தொடைக்கறியில் சவ்வு அதிகம். அது மெதுவாக உருகிக் கூழாவதற்கே 80 டிகிரிக்குப் பக்கத்தில் சூடு ஏற வேண்டும். அதனால் கொஞ்சம் அதிகமாக வெந்தாலும் கெட்டுப்போகாது, இன்னும் மெத்தென்றுதான் ஆகும். குடும்ப விசேஷத்தில் எல்லோரும் ஒரே நேரத்தில் தட்டோடு வந்து உட்காரப் போவதில்லை. மாமா சாமி கும்பிட்டுவிட்டு வருவார், மச்சான் போனில் பேசிக்கொண்டே இருப்பார். அவர்களுக்காகக் காத்திருக்கக்கூடிய கறி தொடைதான்.

பெரியப்பா ஒவ்வொரு வருஷமும் கேட்பார்: "ஏம்ப்பா, நாட்டுக்கோழி கிடைக்கலையா?"

கிடைக்கும் பெரியப்பா, ஆனால் அது குழம்புக்கு. ஓடி ஆடி வளர்ந்த கோழியின் தசை இறுகியிருக்கும். அது குழைய வேண்டுமானால் தண்ணீரும் நேரமும் வேண்டும். தணலில் இரண்டுமே கிடையாது. சுமார் ஆறு வாரத்தில் பண்ணையிலிருந்து கடைக்கு வந்துவிடுகிற பிராய்லர், குழம்பில் சப்பென்று இருந்தாலும் கம்பி வலைக்கென்றே பிறந்த கோழி. பெரியவர்களுக்குத் தலைக்கு ஒரு லெக், சிறுசுகளுக்கு இருவருக்கு ஒன்று என்று கணக்குப் போட்டு, அதற்கு மேல் கால் பங்கு கூட்டி வாங்குங்கள். கல்லூரியில் படிக்கிற பையன்களை எந்தக் கணக்கிலும் அடக்க முடியாது.

கழுவுகிற விஷயத்தில் ஒரு வார்த்தை. பச்சைக் கோழியைக் குழாயடியில் பிடித்துக் கழுவக் கூடாது என்றுதான் உணவுப் பாதுகாப்பு நிபுணர்கள் சொல்கிறார்கள். கறியில் இருக்கிற சால்மொனெல்லா போன்ற கிருமிகள் தண்ணீரோடு தெறித்துப் பக்கத்தில் இருக்கும் தட்டு, காய்கறி, சிங்க் எல்லாவற்றிலும் ஒட்டிக்கொள்ளும். அவற்றைக் கொல்வது தண்ணீர் இல்லை, சூடு. இதை அம்மாவிடம் சொல்லிப் பாருங்கள். மஞ்சள் போட்டு மூன்று தண்ணீர் விட்டு அலசாத கறி அவருக்குக் கறியே கிடையாது. நாங்கள் ஒரு சமாதானத்துக்கு வந்திருக்கிறோம்: ஆழமான பாத்திரத்தில் தண்ணீர் வைத்து, தெறிக்காமல் முக்கி எடுப்பது, பிறகு சிங்கைச் சோப்புப் போட்டுத் தேய்ப்பது. கழுவின கறியில் ஈரம் போகத் துடைக்க வேண்டும். ஈரமான தோலில் எதுவும் ஒட்டாது.

அடுத்து உப்பு. கிலோவுக்கு 12 கிராம், அதாவது பொடி உப்பு என்றால் தலைதட்டி இரண்டு டீஸ்பூன். ஒரு கிலோவுக்குக் கண்ணளவு போதும். ஆறு கிலோவுக்குக் கண்ணளவை நம்பாதீர்கள், நிறுத்துப் போடுங்கள். தொடையில் எலும்பு தட்டுப்படுகிற வரை இரண்டு கீறல், காலில் இரண்டு கீறல். உப்பைக் கீறலுக்குள்ளும் தோலுக்கு அடியிலும் விரலை விட்டுத் தடவுங்கள். உப்புக்கு மட்டும் ஏன் இவ்வளவு மரியாதை என்றால், நாம் தடவுகிற அத்தனை பொருளிலும் கறியின் உள்ளே வெகுதூரம் போவது அது ஒன்றுதான். மிளகாய், சோம்பு, பட்டை, பூண்டு எல்லாம் ராத்திரி முழுக்க ஊறினாலும் மேலே சில மில்லிமீட்டர் ஆழத்தோடு நின்றுவிடும். உப்போ மெல்ல மெல்ல எலும்புவரை இறங்கும். போகிற வழியில் தசைப் புரதத்தைத் தளர்த்தி, நெருப்பில் வைக்கும்போது தண்ணீரை விட்டுவிடாமல் பிடித்துக்கொள்ளும்படி செய்துவிடும். "உள்ள வரைக்கும் மசாலா இறங்கியிருக்கு" என்று யாராவது பாராட்டினால் உண்மையில் இறங்கியிருப்பது உப்பு. பாராட்டை மதினி வாங்கிக்கொள்வார், வாங்கிக்கொள்ளட்டும்.

உப்போடு மஞ்சள்தூளும் அரை மூடி எலுமிச்சையும் போதும். புளிப்பு கூடினால் கறி மிருதுவாகும் என்று சிலர் நாலு பழத்தைப் பிழிவார்கள். அதிகப் புளிப்பில் ராத்திரி முழுக்கக் கிடந்த கறியின் மேல்பரப்பு மாவு மாதிரி ஆகிவிடும், அதற்குக் கீழே உள்ளது அப்படியேதான் இருக்கும். பப்பாளிக்காய் அரைத்துப் போடுவதும் அப்படித்தான். அதில் இருக்கும் பாப்பைன் என்கிற நொதி புரதத்தை அறுக்கக்கூடியது. ஆட்டுக்கறிச் சுக்காவுக்குச் சரி, பிராய்லருக்கு எதற்கு? ஏற்கெனவே மெத்தென்று இருப்பதை மேலும் மெத்தென்று ஆக்கினால் கம்பியிலிருந்து எடுக்கும்போது கையோடு வரும்.

உப்புத் தடவி அரை மணி நேரம் கழித்துத்தான் மசாலா. இப்படி இரண்டு கட்டமாகத் தடவுவது தந்தூரி அடுப்புக்காரர்களின் வழக்கம், நல்ல வழக்கம். கிலோவுக்கு 150 கிராம் கெட்டித் தயிர். கெட்டி என்றால் துணியில் கட்டித் தொங்கவிட்டு, கரண்டியில் எடுத்தால் விழாமல் நிற்கிற பதம். தயிரில் தண்ணீர் இருந்தால் நெருப்பில் முதலில் அது வற்ற வேண்டும், அதுவரை கறி சிவக்காது. அதோடு இரண்டு மேசைக்கரண்டி இஞ்சி பூண்டு விழுது, இரண்டு மேசைக்கரண்டி காஷ்மீரி மிளகாய்த்தூள், ஒரு டீஸ்பூன் மிளகு, ஒரு டீஸ்பூன் வறுத்த சீரகம், அரை டீஸ்பூன் சோம்பு, வறுத்த கடலை மாவு ஒரு கரண்டி. கடலை மாவு எதற்கு என்றால் மசாலா வழிந்து கரியில் விழாமல் கறியோடு பிடித்து வைக்கத்தான். கடைசியாகக் கடலை எண்ணெய் மூன்று மேசைக்கரண்டி. வடக்கே கடுகு எண்ணெய் ஊற்றுவார்கள். அப்பத்தாவுக்கு அந்த வாடை ஆகாது, அத்தோடு அந்தப் பேச்சு முடிந்தது.

கலர்ப்பொடி வேண்டாம். காஷ்மீரி மிளகாயே போதுமான சிவப்பைத் தரும், காரமும் குறைவு. 2024-ல் கர்நாடக அரசு கபாப்களில் செயற்கை நிறம் சேர்ப்பதற்கே தடை போட்டது. விரலில் மூன்று நாள் ஒட்டிக்கொண்டிருக்கிற சிவப்பு வயிற்றில் என்ன செய்யும் என்று யோசித்தாலே போதும், அரசாணை வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. வெல்லம், தேன் எதுவும் இந்தக் கட்டத்தில் கூடாது. சர்க்கரை முதலில் கருகும், கறி பிறகுதான் வேகும். தேன் பூசித்தான் ஆக வேண்டும் என்றால் கடைசி ஐந்து நிமிடத்தில் பூசுங்கள்.

ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜில். பொங்கல் சமயத்தில் ஃபிரிட்ஜில் இடம் கிடைப்பது தனிப் போராட்டம். மீந்துபோன சாம்பார், மாவு வாளி, யாரோ கொண்டுவந்த இனிப்புப் பெட்டி எல்லாம் அங்கேதான் இருக்கும். அந்தப் பஞ்சாயத்தை முந்தின நாளே முடித்துவிடுங்கள். வெளியில் வைத்து ஊறவைக்கிற யோசனையே வேண்டாம், தை மாசக் குளிரை நம்பியும் வேண்டாம். ஊறிய கறி எப்போதும் அடித்தட்டில், மூடிபோட்ட பாத்திரத்தில். மேல்தட்டில் வைத்தால் சொட்டு கீழே இருக்கிற தயிரில் விழும்.

இனி நெருப்பு. எனக்குப் பிடித்த பகுதி இது.

எங்கள் பக்கம் கரிக்குப் பஞ்சமில்லை. இராமநாதபுரம், சிவகங்கை, விருதுநகர் மாவட்டங்களில் சீமைக்கருவேல மரத்தை வெட்டி அடுக்கி, மேலே மண் பூசி மூட்டம் போட்டு, காற்றுப் புகாமல் நாள்கணக்கில் புகையவிட்டு எடுக்கிற கரி லாரி லாரியாகப் போகிறது. நிலத்தடி நீரை உறிஞ்சுகிறது என்று நாம் அந்த மரத்தைத் திட்டித் தீர்க்கிறோம். அதை அகற்றச் சொல்லி 2017-ல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையே உத்தரவு போட்டது. வேடிக்கை என்னவென்றால், அமெரிக்காவில் டெக்ஸாஸ்காரர்கள் கறி சுடுவதற்கென்றே தேடி வாங்குகிற மெஸ்கீட் மரம் இதற்கு நெருங்கிய சொந்தம். சீமைக்கருவேலமும் அந்தக் கண்டத்திலிருந்து வந்ததுதான். அங்கே மெஸ்கீட் புகையின் வாசத்துக்கென்று தனி விலை வைத்து விற்கிறார்கள். நாம் அதன் உறவுக்கார மரத்தின் கரியைச் சாக்கில் கட்டி டீக்கடைக்கும் இஸ்திரி வண்டிக்கும் அனுப்பிக்கொண்டிருக்கிறோம்.

கரி வாங்கும்போது இரண்டு துண்டை ஒன்றோடொன்று தட்டிப் பாருங்கள். நன்றாக வெந்த கரி கணீரென்று சத்தம் கொடுக்கும். மந்தமாகச் சத்தம் வந்தால் உள்ளே விறகு பாதி மிச்சம் இருக்கிறது, அல்லது நனைந்திருக்கிறது. இரண்டுமே புகையும். ஒரு கிலோ கறிக்கு ஒரு கிலோ கரி என்று வைத்துக்கொண்டால் குறைவுபடாது. பற்றவைக்க மண்ணெண்ணெய் ஊற்றாதீர்கள். அந்த வாடை கறியில் ஏறினால் எந்த மசாலாவாலும் மறைக்க முடியாது. காய்ந்த கொட்டாங்குச்சி நாலைந்தை அடுக்கி, நடுவில் ஒரு கற்பூரத்தைக் கொளுத்திப் போட்டு மேலே கரியைக் குவித்தால் தானாகப் பிடித்துக்கொள்ளும்.

அடுப்பு பெரிய ஏற்பாடு ஒன்றும் இல்லை. மாடித் தட்டோடு சூட்டில் வெடித்துவிடும் என்பதால் முதலில் நாலு விரற்கடை உயரத்துக்கு மணல் பரப்புங்கள். அதன் மேல் செங்கல்லை இரண்டு வரிசை நிறுத்தி மேலே கம்பி வலை. வலை எவர்சில்வராகவோ வெறும் இரும்பாகவோ இருக்கட்டும். கட்டட வேலையில் மிஞ்சிய, துத்தநாகம் பூசிய பளபளப்பான வலையைச் சமையலுக்குப் பயன்படுத்தக் கூடாது. மழை தூறுகிறது என்று அடுப்பை அறைக்குள்ளோ மூடிய கார் ஷெட்டிலோ கொண்டுபோவதும் ஆபத்து. கரி கக்குகிற கார்பன் மோனாக்சைடுக்கு வாசம் கிடையாது, மூச்சில் ஏறுவதே தெரியாது.

எல்லோரும் அவசரப்படுவது இங்கேதான். தீ நாக்கு ஆடும்போதே கறியை வைத்துவிடுவார்கள். வெளியே கரி, உள்ளே பச்சை. கரி முழுக்கச் சிவந்து, மேலே வெள்ளைச் சாம்பல் பூத்து, தீ அடங்கித் தணலாக வேண்டும். அதற்கு அரை மணி நேரம் ஆகும். கீழே பசிக்கிறது என்று குரல் வரும், காதில் போட்டுக்கொள்ளாதீர்கள். பிறகு தணலை ஒரு பக்கமாக ஒதுக்கி, மறுபக்கத்தைக் காலியாக விடுங்கள். ஒரே அடுப்பில் இரண்டு சூடு. கம்பிக்கு மேல் நாலு விரற்கடையில் உள்ளங்கையைக் காட்டினால் தணல் பக்கம் இரண்டு எண்ணுவதற்குள் கையை எடுத்துவிடுவீர்கள். காலிப் பக்கம் ஐந்தாறு எண்ணும்வரை தாங்கும். கறி வேகப் போவது அந்தக் காலிப் பக்கத்தில்தான்.

பாதி வெங்காயத்தை எண்ணெயில் தொட்டுக் கம்பியைத் துடைத்துவிட்டு, கறியைத் தோல்பக்கம் மேலே இருக்கும்படி சூடு குறைந்த பக்கத்தில் அடுக்குங்கள். மேலே பெரிய அலுமினியச் சட்டியைக் கவிழ்த்து மூடுங்கள். இருபது நிமிடம் கழித்துத் திருப்பி, மறுபடி மூடி இன்னும் பத்துப் பதினைந்து நிமிடம். கடைசியில்தான் தணலுக்கு நேர் மேலே. தோல்பக்கம் கீழே வைத்து, கண் எடுக்காமல் நின்று, நிமிடத்துக்கொரு தரம் புரட்டிச் சிவக்கவிட வேண்டும். கொழுப்பு சொட்டித் தீ எழும்பினால் தண்ணீர் தெளிக்காதீர்கள், சாம்பல் பறந்து கறியில் ஒட்டும். கறியைச் சூடு குறைந்த பக்கத்துக்கு நகர்த்தினால் தீ தானாக அடங்கிவிடும். மேலே தடவ உருக்கிய வெண்ணெயில் பூண்டு நசுக்கிப் போட்டு வைத்திருப்பேன். கோழி ஊறிய மசாலா மீதியைத் தொட்டுத் தடவவே கூடாது, அது பச்சைக் கறித் தண்ணீர்.

வெந்ததா என்று பார்க்கச் சமையல் தெர்மாமீட்டர் ஒன்று வாங்கிவிடுங்கள். எலும்பில் படாமல் தொடையின் கனமான இடத்தில் குத்தினால் குறைந்தது 74 டிகிரி செல்சியஸ் காட்ட வேண்டும். அது பாதுகாப்புக்கான கணக்கு. தொடைக்கு நான் 80-ஐத் தாண்ட விடுவேன், அது ருசிக்கான கணக்கு. எடுத்த கறியைப் பச்சைக் கறி கொண்டுவந்த தட்டிலேயே திரும்ப வைக்காமல் வேறு தட்டில் ஐந்து நிமிடம் விட்டுவைத்துப் பிறகு பரிமாறுங்கள்.

யாராவது ஒருவர் எலும்போரம் கடித்துப் பார்த்துவிட்டு, "என்னப்பா, ரத்தமா இருக்கு?" என்று கட்டாயம் கேட்பார். எங்கள் வீட்டில் அது சின்ன அத்தை. பிராய்லர் இளங்கோழி என்பதால் எலும்பு முழுசாக முற்றியிருக்காது. மஜ்ஜையில் இருக்கும் நிறம் வேகும்போது வெளியே கசிந்து எலும்போரத்தைச் சிவப்பாக்கும். தெர்மாமீட்டர் சரியாகக் காட்டினால் பயமில்லை. இந்த விளக்கம் அத்தையிடம் எடுபடாது. அவருக்கு ஒரு துண்டை இன்னும் பத்து நிமிடம் தணலில் விட்டுக் கொடுத்துவிடுவேன். தொடைக்கறி தாங்கும் என்று சொன்னேனே, அத்தை மாதிரி ஆட்களுக்காகவும்தான்.

தொட்டுக்கொள்ள மயோனைஸ் கேட்டுப் பிள்ளைகள் குதிப்பார்கள். பச்சை முட்டையில் செய்கிற மயோனைஸுக்குத் தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்குத் தடை போட்டது சும்மா இல்லை. வேகாத முட்டையும் நம் ஊர் வெயிலும் சேர்ந்தால் வயிற்றுக்கு ஆகாது. அதற்குப் பதில் வடிகட்டின கெட்டித் தயிரில் நசுக்கிய பூண்டு, உப்பு, கொஞ்சம் எலுமிச்சை, ஒரு கரண்டி எண்ணெய் விட்டு நுரைக்க அடித்துவைத்தால் வித்தியாசம் கேட்காமலேயே வழித்துவிடுவார்கள். பச்சை வெங்காயம், வெள்ளரி, புதினாச் சட்டினி. போதும்.

அப்பத்தாவுக்குப் பல் இல்லை. அவருக்குத் தொடைக்கறியை எலும்பு நீக்கி உதிர்த்து, ரசஞ்சோற்றோடு. கறி சாப்பிடாத சித்திக்குக் கறி வைப்பதற்கு முன்பே சுத்தமான கம்பியில் பன்னீரும் குடைமிளகாயும் சுட்டு எடுத்துவிட வேண்டும், கறிக்குப் பிறகு அதே கம்பியில் வைத்தால் அவர் தொடமாட்டார். தை மாசம் சர்க்கரைவள்ளிக் கிழங்கும் மலிவாகக் கிடைக்கும். தோலோடு சாம்பலில் புதைத்துவிட்டால் கறி முடிகிற நேரத்துக்கு அதுவும் வெந்திருக்கும். உண்மையைச் சொன்னால் சில வருஷம் கோழியைவிட அதற்குத்தான் அடிதடி.

தயவுசெய்து பந்தி போடாதீர்கள். கிரில் சிக்கன் அடுப்பைச் சுற்றி நின்றுகொண்டு சாப்பிடுகிற சாப்பாடு. கரிகாலன் அரண்மனையில் கம்பியில் சுட்ட கறியைத் தின்ற பொருநன், சூடு தாங்காமல் அதை வாயில் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கத்துக்கு ஒதுக்கி ஒதுக்கித் தின்றதாகப் பொருநராற்றுப்படை சொல்கிறது. எங்கள் மாடியில் பிள்ளைகள் வாயைத் திறந்து ஊதிக்கொண்டே தின்பதைப் பார்த்தால் இத்தனை நூற்றாண்டில் இந்த விஷயத்தில் நாம் எதையும் மாற்றிக்கொள்ளவில்லை என்று தெரியும்.

மீந்த கறியை இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். மறுநாள் காலையில் உதிர்த்து, வெங்காயமும் மிளகும் போட்டுப் பிரட்டினால் தோசைக்கு அதைவிட நல்ல துணை கிடையாது. எல்லாம் முடிந்து எல்லோரும் கீழே இறங்கிய பிறகு ஒரு வேலை பாக்கி இருக்கும். சாம்பல் ஆறிவிட்ட மாதிரிதான் தெரியும், உள்ளே தணல் விடியும்வரை உயிரோடு இருக்கும். காலையில் பிள்ளைகள் வெறுங்காலோடு மாடிக்கு ஓடி வருவார்கள். ஒரு வாளித் தண்ணீரை மெதுவாக ஊற்றி, குச்சியால் கிளறிப் பார்த்து, மறுபடி ஊற்றிவிட்டுத் தூங்கப் போங்கள்.